சாத்தியதா, பூட்டியதா

குப்பைப் பையோடு படியிறங்கக் காலெடுத்தேன்.
பின்னால் காற்று ஒரு தள்ளுத் தள்ளியது,
கதவு தன் வேலையை முடித்துக்கொண்டது.
பிரெமென் நகரம், ஜனவரி, இரவு பத்தேகால்.
காலில் உறை மட்டும்.
கையில் செல்பேசி, அதில் பதினொரு சதவீதம் உயிர்.

டிராம் ஓட்டுபவள் நான்.
நாளைக்கு நானூறு தடவை
கதவு திறப்பேன், மூடுவேன்.
ஓடி வருபவர் மூக்குக்கு முன்னேயே
மூடியதும் உண்டு.
இன்று என் முறை.

தேடினால் வரிசையாக வந்து விழுந்தார்கள்,
பெயருக்கு முன்னால் மூன்று ஏ போட்டு
முந்தி நிற்பவர்கள்.
எண் உள்ளூர் எண். எடுத்த குரல் எந்த ஊரோ.
"ஒன்பது யூரோவிலிருந்து" என்றது.
அந்த 'இருந்து' எங்கே போய் முடியும் என்று கேட்டேன்.
"ஆள் வந்து பார்த்துச் சொல்வார்."
என் தெருப் பெயரை இரண்டு தடவை தப்பாகச் சொன்னது.
வைத்துவிட்டேன். ஒன்பது சதவீதம்.

கீழ்வீட்டு கெஸீனாவுக்குப் போன வருஷம் நடந்தது:
வந்தவன் பூட்டைப் பார்க்கவே இல்லை,
துளைபோடும் கருவியைத்தான் எடுத்தான்.
மிதியடியெல்லாம் இரும்புத்தூள்.
புதுப் பூட்டு, இரவுக் கட்டணம், ஞாயிற்றுக்கிழமைக் கட்டணம்
(அன்று வெள்ளி).
ரொக்கம்தான் வேண்டுமென்று
ஏடிஎம் வரை கூடவே நடந்தானாம்.
சொல்லிச் சிரிப்பாள். சிரித்து முடித்ததும்
கதவுச் சங்கிலியைத் தொட்டுப் பார்ப்பாள்.

இரண்டாவது அழைப்பு.
வாயில் எதையோ மென்றபடி ஒருவர்.
முதல் கேள்வி:
"சாத்தியதா, பூட்டியதா?"
எனக்கு உடனே விளங்கவில்லை.
"சாவி போட்டுத் திருப்பினீர்களா,
இல்லை தானாக அடைந்ததா?"
தானாகத்தான்.
"அப்படியென்றால் தொண்ணூற்றைந்து.
வருவது, வேலை, வரி எல்லாம் அதற்குள்.
நொய்ஷ்டாட்டிலிருந்து வரவேண்டும், இருபத்தைந்து நிமிடம்.
துளை போட மாட்டேன்."
பிறகு விழுங்கும் சத்தம்.
ஏனோ அந்தச் சத்தத்தை நம்பினேன்.

லூடர்ஸ்.
வேனில் அந்தப் பெயர், சட்டையிலும் அதே பெயர்.
மூன்று மாடி ஏறி வந்தவர்
பூட்டைப் பார்க்கவில்லை,
மணிக்குப் பக்கத்துப் பெயர்ப்பலகையைப் பார்த்தார்.
"ஹாஸெல்பாக்?"
அது அவன். அக்டோபரில் போய்விட்டான்.
"உங்கள் பெயர்?"
வீப்கே ஒல்ட்மன்ஸ்.
"அது இங்கே எங்கும் இல்லையே."
இல்லைதான். ஆறு வருஷமாக இல்லை.
அடையாள அட்டை? உள்ளே.
வாடகை ஒப்பந்தம்? உள்ளே.
அதிலும் அவன் பெயர்தான் முதலில்.

கோபம் வந்தது.
அரை மணியாக இந்த ஆளை
நம்பலாமா என்று நிறுத்துக்கொண்டிருந்தேன்,
மறுதட்டில் நான் நிற்பது தெரியாமல்.

"யார் கேட்டாலும் திறந்துவிடுகிறவனை
நீங்களே கூப்பிட்டிருக்க மாட்டீர்கள்" என்றார்.
"உள்ளே என்ன இருக்கிறது, சொல்லுங்கள்."

இடப்பக்கக் கொக்கியில் டிராம் கம்பெனி ஜாக்கெட்,
வலது பாக்கெட் கிழிந்தது.
செருப்பு அலமாரிமேல் பாதி உரித்த ஆரஞ்சு.
சுவரில் ஒரு வெளிர்ச் சதுரம்,
படம் ஒன்று தொங்கிய இடம்.
அதற்குமேல் சொல்ல வரவில்லை.
இவ்வளவுதானா என் வீடு?

வளைந்த கம்பியை இடுக்கில் விட்டார்.
கீழ்நோக்கி ஓர் இழுப்பு.
நாற்பது நொடிகூட ஆகவில்லை.
இதன் பின்னால்தானா
இத்தனை இரவு அயர்ந்து தூங்கினேன்?

கையகலம் திறந்து முதலில் அவர் எட்டிப் பார்த்தார்.
"ஆரஞ்சு இருக்கிறது."
பிறகுதான் விலகி நின்றார்.
அடையாள அட்டையையும் விடவில்லை,
வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார்.

ரசீது யார் பெயருக்கு?
எழுத்தெழுத்தாகச் சொன்னேன்.
தொண்ணூற்றைந்து. ஒரு சென்ட் கூடவில்லை.
"படுக்கும்முன் சாவியை இரண்டு சுற்றுத் திருப்புங்கள்,"
பாதிப் படியிலிருந்து சொன்னார்,
"எங்களுக்கும் கொஞ்சம் கஷ்டம் இருக்கட்டும்."

குப்பைப் பை அங்கேயே சாய்ந்து கிடந்தது.
எடுத்துக்கொண்டு இறங்கினேன்,
சாவியைப் பல்லில் கடித்தபடி.